பார்ப்பது என்றால் என்ன? எண்ணம் உலகை உருவாக்கும் என்ற கோட்பாட்டுக்கு ஒரு விரிவான பதில்

பொறியியல் இரண்டாம் ஆண்டு படிக்கும் மாணவர் ஒருவர், தாமே வகுத்த ஒரு கோட்பாட்டைப் பதினான்கு பக்கங்களில் எழுதி அனுப்பி, இது அறிவியல் ஆகுமா என்று கேட்டிருக்கிறார். அதன் சாரம் இதுதான். விழிப்புடன் எண்ணும் ஒவ்வோர் எண்ணமும் மூளையிலிருந்து ஓர் அலையாக வெளியேறுகிறது; அந்த அலை, இன்னும் முடிவாகாத குவாண்டம் நிலையில் இருக்கும் பொருள்களின் அலைச்சார்பை (எந்த விளைவுக்கு எவ்வளவு வாய்ப்பு என்று சொல்லும் கணித வடிவத்தை)த் தொட்டு, பல வாய்ப்புகளுள் நாம் விரும்பிய ஒன்றை நடப்பாக்குகிறது; ஆகவே நாம் வாழும் உலகம் நம் எண்ணங்களின் கூட்டு விளைவு. 'நடப்பு = எண்ணத்தின் செறிவு × உணர்வின் அதிர்வெண்' என்று ஒரு சமன்பாடும் தந்திருக்கிறார். இரட்டைப் பிளவுச் சோதனை, நோபல் பரிசு பெற்ற இயற்பியலாளர் யூஜின் விக்னரின் கருத்து, பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்தில் நடந்த ஆய்வு, "எண்ணிய எண்ணியாங்கு எய்துப" என்னும் குறள் ஆகிய நான்கையும் சான்றாகக் காட்டுகிறார்.

உங்கள் கோட்பாடு இப்போதுள்ள வடிவில் அறிவியல் ஆகாது என்பதே என் விடை. ஆனால் நீங்கள் தொட்டிருக்கும் கேள்வி அற்பமானதன்று. இருபதாம் நூற்றாண்டின் மிகக் கூர்மையான மூளைகள் சில அதே இடத்தில் பல ஆண்டுகள் நின்றிருக்கின்றன. அவர்கள் எதைச் சொன்னார்கள், எதைச் சொல்லவே இல்லை என்பதைப் பிரித்துக் காட்டுவதுதான் நான் உங்களுக்குச் செய்யக்கூடிய உதவி.

முதலில் 'பார்த்தல்' என்ற சொல்லை எடுத்துக்கொள்வோம், ஏனெனில் உங்கள் பதினான்கு பக்கங்களும் அந்த ஒரு சொல்லின் மேல்தான் நிற்கின்றன. இரட்டைப் பிளவுச் சோதனையில் துகள்களை இரண்டு மெல்லிய பிளவுகள் வழியே ஒரு திரைக்கு அனுப்புகிறார்கள். எலக்ட்ரான்களை ஒவ்வொன்றாக அனுப்பினாலும், இரண்டு அலைகள் கலக்கும்போது தோன்றுவதுபோன்ற குறுக்கீட்டுப் பட்டைகள் திரையில் உருவாகின்றன என்பதை 1989இல் ஜப்பானின் ஹிட்டாச்சி ஆய்வகத்தில் அகிரா தொனோமுராவின் குழு படமெடுத்துக் காட்டியது. அங்கே பிளவுகளுக்குப் பதிலாக மின்னூட்டம் ஏற்றிய ஒரு மெல்லிய இழை இருந்தது. எலக்ட்ரான் அதன் இருபுறமும் சென்றதுபோல் நடந்துகொண்டது. திரையில் முதலில் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் புள்ளிகள் விழுகின்றன. ஆயிரக்கணக்கில் சேர்ந்த பின்னரே வரிவரியாகப் பட்டைகள் தெரிகின்றன. எலக்ட்ரான் எந்தப் பக்கம் சென்றது என்று கண்டறியும் ஏற்பாட்டைச் செய்தால் பட்டைகள் மறைந்துவிடும். 'நாம் பார்த்ததால் எலக்ட்ரான் மாறிவிட்டது' என்று பாடநூல்கள் இதைச் சுருக்கிச் சொல்கின்றன. அந்தச் சுருக்கத்தில்தான் பிழை நுழைகிறது.

இதைத் தெளிவாக்க, வியன்னாப் பல்கலைக்கழகத்தில் நடந்த ஒரு சோதனையைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். எழுபது கார்பன் அணுக்கள் சேர்ந்து, சற்றே நீண்ட பந்துபோல் அமைந்த மூலக்கூறுகளை ஆன்டன் சைலிங்கர், மார்க்குஸ் ஆர்ண்ட் ஆகியோரின் குழு வெற்றிடத்தில் பறக்கவிட்டு, நுண்ணிய கம்பிச்சட்டங்கள் வழியே செலுத்தியது. இவ்வளவு பெரிய மூலக்கூறும் அலைபோல் நடந்து குறுக்கீட்டுப் பட்டைகளைத் தந்தது. பிறகு, சட்டங்களை அடையும் முன்பே லேசர் ஒளியால் அவற்றைச் சூடாக்கினார்கள். சூடேறிய மூலக்கூறு, குண்டு பல்பின் இழை ஒளிர்வதுபோல், தானாக ஒளித்துகள்களை உமிழும். வெப்பம் கூடக்கூடப் பட்டைகள் மங்கின. சுமார் 3000 கெல்வினை நெருங்கியபோது முற்றிலும் அழிந்தன. 2004இல் இந்த முடிவு வெளியானது. அந்த ஒளித்துகள்களை யாரும் பிடித்துப் படிக்கவில்லை; அவை கருவியின் சுவரில் பட்டு மறைந்தன. எந்த மனிதரும் எந்தப் பாதையையும் 'அறியவில்லை'. மூலக்கூறு எங்கே இருந்தது என்ற தடயம் ஒளியாக வெளியே கசிந்தது. அவ்வளவே போதுமானதாக இருந்தது.

ஆகவே குவாண்டம் இயற்பியலில் 'பார்த்தல்' என்பதற்குப் பொருள், ஒரு துகளின் நிலை அதன் சுற்றுப்புறத்தில் மீட்க முடியாத தடயத்தை விடுவது. தடயத்தைப் பெறுவது ஒளித்துகளாக இருக்கலாம், காற்றின் மூலக்கூறாக இருக்கலாம், ஒரு தூசியாகவும் இருக்கலாம். இதை ஒத்திசைவு குலைதல் என்கிறோம். கண்ணும் மனமும் இதில் கட்டாயத் தேவை அல்ல. ஒத்திசைவு குலைவதால் மட்டும் 'பல வாய்ப்புகளுள் இந்த ஒன்று ஏன் நடந்தது' என்ற கேள்வி முழுமையாகத் தீர்ந்துவிடவில்லை என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். இயற்பியலாளர்கள் இன்னும் அதில் வேறுபடுகிறார்கள். ஆனால் பட்டைகள் அழிவதற்கு மனித உணர்வு வேண்டும் என்ற எளிய கதை மட்டும் இனிச் செல்லாது.

அப்படியானால் விக்னர் ஏன் உணர்வைக் கொண்டுவந்தார்? அதற்கு முன் கணிதவியலாளர் ஜான் வான் நாய்மனிடம் போக வேண்டும். 1932இல் வெளியிட்ட தமது நூலில், வெப்பநிலையை அளக்கும் எளிய செயலை அவர் எடுத்துக்காட்டாகக் கொள்கிறார். அளக்கப்படும் பொருளையும் வெப்பமானியையும் பிரித்து, இது பொருள், இது பார்ப்பவர் எனலாம். பாதரசத்தையும் பொருளோடு சேர்த்து, அதிலிருந்து கண்ணுக்கு வரும் ஒளியிலிருந்து பார்ப்பவர் தொடங்குகிறார் எனலாம். விழித்திரை, பார்வை நரம்பு, மூளை என்று எல்லைக்கோட்டை உள்ளே தள்ளிக்கொண்டே போகலாம். எங்கே போட்டாலும் கணக்கின் விடை ஒன்றுதான். கோட்டை எங்கே போட்டாலும் சரி என்பதுதான் அவர் நிறுவியது. கடைசியில் எஞ்சும் அந்தப் 'பார்ப்பவர்' யார் என்ற கேள்வியை எடுத்துக்கொண்டு, 1961இல் விக்னர் ஒரு கட்டுரை எழுதினார். அறைக்குள் இருக்கும் நண்பர் அளவீட்டின் விடையைக் கண்டுவிட்டார், வெளியே நிற்கும் எனக்கோ அவரும் கருவியும் சேர்ந்து இன்னும் முடிவாகாத நிலையில்தான் இருக்க வேண்டும் என்றால், நண்பருடைய உணர்வுக்கு என்ன மதிப்பு என்று அவர் கேட்டார். உணர்வுள்ள ஒருவர் அறியும் இடத்தில்தான் அலைச்சார்பு ஒடுங்குகிறது, அதாவது பல வாய்ப்புகள் ஒரே விடையாகின்றன என்பது அன்று அவர் எடுத்த நிலை.

இங்கே இரண்டு செய்திகளை நீங்கள் விட்டுவிட்டீர்கள். ஒன்று, விக்னரே பின்னாளில் அந்த நிலையைக் கைவிட்டார். 1970இல் ஜெர்மன் இயற்பியலாளர் டீட்டர் ட்சே எழுதிய கட்டுரை, பெரிய பொருள்கள் எப்போதும் சுற்றுப்புறத்தோடு பிணைந்தே இருக்கின்றன, அவற்றைத் தனித்து நிற்பவையாகக் கருதவே முடியாது என்று காட்டியது. அது விக்னரை மாற்றியதில் பெரும் பங்கு வகித்தது. மேலும், என் உணர்வு ஒன்றே உலகை முடிவாக்குகிறது என்ற இடத்துக்குத் தம் கருத்து இட்டுச் செல்வதும் அவருக்கு ஏற்கவில்லை. ஒருவர் கைவிட்ட கருத்தை அவருடைய பரிசின் பெயரால் முன்வைப்பது அவருக்குச் செய்யும் நியாயம் ஆகாது.

மற்றது இதைவிட முக்கியமானது. விக்னர் 1961இல் சொன்னதை அப்படியே ஏற்றுக்கொண்டாலும் உங்கள் கோட்பாடு அதிலிருந்து வராது. உணர்வு அறியும்போது ஒடுக்கம் நிகழ்கிறது என்றுதான் அவர் சொன்னார். எந்த விடை வர வேண்டும் என்பதை உணர்வு தேர்ந்தெடுக்கும் என்று அவர் சொல்லவில்லை. எந்த விடை எவ்வளவு அடிக்கடி வரும் என்பதை 1926இல் மாக்ஸ் போர்ன் தந்த நிகழ்தகவு விதி முடிவு செய்கிறது. அந்த விதியில் பார்ப்பவரின் விருப்பத்துக்கு ஓர் உறுப்பும் கிடையாது. தேர்வு முடிவு வந்த தாளைத் திறப்பவர் மதிப்பெண்ணை அறிகிறார். திறந்ததனால் மதிப்பெண் கூடுவதில்லை. 'மனம் ஒடுக்குகிறது' என்பதிலிருந்து 'மனம் தேர்கிறது' என்பதற்கு நீங்கள் ஒரே வரியில் தாண்டியிருக்கிறீர்கள். உங்கள் ஒன்பதாம் பக்கத்தில் "ஆகவே" என்று தொடங்கும் வரி அது. அந்த "ஆகவே"க்குக் கீழே எந்தக் கணக்கும் இல்லை. இரண்டாவது கூற்று முற்றிலும் புதிய ஓர் இயற்பியல் விதி. அதற்குத் தனிச் சான்று வேண்டும்.

இனி உங்கள் 'எண்ண அலை'. இந்தத் தேடலுக்கு ஒரு மதிப்புமிக்க வரலாறு உண்டு. ஜெர்மனியின் ஹன்ஸ் பெர்கர் இளைஞராகப் படையில் பயிற்சி பெற்றபோது குதிரையிலிருந்து விழுந்து, மயிரிழையில் உயிர் தப்பினார். அன்றே, வெகுதொலைவில் இருந்த அவருடைய அக்காவுக்குத் தம்பிக்கு ஏதோ ஆபத்து என்று தோன்ற, வீட்டிலிருந்து நலம் விசாரித்துத் தந்தி வந்தது. எண்ணம் மூளையிலிருந்து மூளைக்குத் தாவியது என்று நம்பிய பெர்கர், அதன் பௌதிக அடிப்படையைத் தேடியே மருத்துவ ஆய்வுக்குள் நுழைந்தார். மூளையின் மின்னலைகளை முதன்முதலில் மனிதரிடம் பதிவு செய்து, 1929இல் வெளியிட்டவர் அவர்தான். இன்று மருத்துவமனைகளில் எடுக்கும் ஈ.இ.ஜி. அப்படித்தான் பிறந்தது. ஆனால் அவர் தேடியது அவருக்குக் கிடைக்கவில்லை. தலையின் தோலில் கிடைக்கும் மின்னழுத்தம் ஒரு வோல்ட்டின் பத்து லட்சத்தில் சில பத்துப் பங்குகளே. மூளையின் காந்தப் புலத்தை 1968இல் டேவிட் கோஹன் அளந்தார். தலைக்கு வெளியே அது ஏறத்தாழ ஒரு டெஸ்லாவை லட்சம் கோடியால் வகுத்து, மேலும் பத்தால் வகுத்த அளவுதான். நம் ஊரில் பூமியின் காந்தப் புலம் அதைப்போல் சுமார் நாற்பது கோடி மடங்கு. அதனால்தான் இந்த அளவீட்டைச் சிறப்பாகக் காப்பிட்ட அறைக்குள் செய்கிறார்கள். இந்தச் சிறு புலம் தெருவைத் தாண்டிப் போய் ஒரு நேர்முகத் தேர்வின் முடிவை மாற்றும் என்று சொல்ல, இயற்பியலில் எந்தப் பிடியும் இல்லை.

சமன்பாட்டைப் பற்றியும் ஒரு சொல். 'எண்ணத்தின் செறிவு' என்ன அலகில் அளக்கப்படும் என்று நீங்கள் எழுதவில்லை. 'உணர்வின் அதிர்வெண்' ஹெர்ட்ஸில் என்றால், கண்ணை மூடி அமைதியாக இருக்கும்போது தெரியும் ஆல்ஃபா அலைகள் 8 முதல் 13 ஹெர்ட்ஸ். பரபரப்பான விழிப்பில் மேலோங்கும் பீட்டா அலைகள் 13 முதல் 30. உங்கள் பெருக்கலின்படி தியானத்தில் இருப்பவரைவிடப் பதற்றத்தில் இருப்பவர்தான் உலகை அதிகமாக மாற்ற வேண்டும். பதினோராம் பக்கத்தில் நீங்கள் சொல்வதோ இதற்கு நேர்மாறு. எண்களை இட்டுப் பார்த்திருந்தால் இந்த முரண்பாடு உங்களுக்கே தெரிந்திருக்கும். சமன்பாடு எழுதுவதன் பயனே அதுதான்.

பிரின்ஸ்டன் ஆய்வு உங்கள் சான்றுகளில் வலுவானது. அதை மரியாதையோடு அணுகுகிறேன். பிளாஸ்மா உந்துவிசைத் துறையில் பெயர்பெற்றவரும், அப்போது பொறியியல் பள்ளியின் தலைவராக இருந்தவருமான ராபர்ட் ஜான், எண்ணம் கருவிகளைப் பாதிக்குமா என்று பார்க்க 1979இல் அங்கே ஓர் ஆய்வகத்தைத் தொடங்கினார். பிரெண்டா டன் அதை நிர்வகித்தார். 2007இல் அது மூடப்பட்டது. மின்னிரைச்சலிலிருந்து தற்செயலாகப் பூவா தலையா சுண்டுவதுபோன்ற ஒரு கருவி. ஒரு முயற்சிக்கு 200 சுண்டல்கள். சராசரி 100 வர வேண்டும். எதிரே அமர்ந்தவர் ஒரு சுற்றில் 'கூட வேண்டும்' என்று எண்ணுவார், மற்றொன்றில் 'குறைய வேண்டும்' என்று, இன்னொன்றில் எதையும் எண்ணாமல் இருப்பார். பன்னிரண்டு ஆண்டுகளில் 91 பேர், சுமார் 25 லட்சம் முயற்சிகள். கூட வேண்டும் என்றபோது சராசரி 100.026, குறைய வேண்டும் என்றபோது 99.984. பத்தாயிரம் முறை சுண்டினால் ஒன்றோ இரண்டோ கூடுதல், அவ்வளவுதான். ஆனால் முயற்சிகளின் எண்ணிக்கை மிகப் பெரியது என்பதால், இது வெறும் தற்செயல் என்று எளிதில் தள்ள முடியாத வேறுபாடாகக் கணக்கில் தெரிந்தது.

இவ்வளவு நுண்ணிய வேறுபாட்டுக்குப் பல காரணங்கள் இருக்கலாம் என்பதால், அறிவியல் ஒரே கேள்வியைக் கேட்கும்: வேறோர் இடத்தில், முன்கூட்டியே விதிகளை எழுதிவைத்துச் செய்தால் மீண்டும் வருமா? பிரின்ஸ்டன் குழுவே அந்தக் கேள்வியை ஏற்றது. அதற்காக அவர்களைப் பாராட்ட வேண்டும். ஜெர்மனியின் ஃப்ரைபுர்க், கீசன் நகரங்களில் இருந்த இரண்டு ஆய்வகங்களோடு சேர்ந்து, மூன்று இடங்களிலுமாக ஒவ்வோர் எண்ணத்துக்கும் ஏழரை லட்சம் முயற்சிகள் செய்தார்கள். 2000இல் வெளியான முடிவின்படி, எதிர்பார்த்த வேறுபாடு தற்செயலைத் தாண்டவில்லை. 2006இல் போஷ், ஸ்டைன்காம்ப், போலர் ஆகிய மூவர் இத்தகைய 380 ஆய்வுகளைத் தொகுத்துப் பார்த்தபோது, சிறிய ஆய்வுகளில் விளைவு பெரிதாகவும் பெரிய ஆய்வுகளில் மிகச் சிறிதாகவும் தெரிந்தது. வெற்றி பெற்ற சிறு ஆய்வுகள் அச்சேறி, தோற்றவை மேசை இழுப்பறையில் தங்கிவிட்டால் இப்படித்தான் தெரியும் என்பது அவர்களின் கணிப்பு. என் தீர்ப்பும் அதுவே.

தற்செயல் எப்படி நம்மை நம்பவைக்கிறது என்பதை நான் கற்பித்த வகுப்பில் ஒருமுறை கண்டேன். நாற்பது மாணவர்கள், ஆளுக்கு ஓர் ஒற்றை ரூபாய், 'தலை' என்று மனத்தை ஒருமுகப்படுத்தி 200 முறை சுண்டி, எண்ணிக்கையைக் கரும்பலகையில் எழுதச் சொன்னேன். பெரும்பாலானவை 93க்கும் 107க்கும் இடையில் இருந்தன. ஒரு மாணவருக்கு 116 வந்தது. முழு வகுப்பும் அவரைத் திரும்பிப் பார்த்தது. அவர் முகம் மாறிவிட்டது. சுண்டும்போது தலையின் உருவம் கண்முன் நின்றதாகச் சொன்னார், பொய் சொல்லவில்லை. அதே அளவு ஆர்வத்தோடு தலையை எண்ணிய இன்னொருவருக்கு 86 வந்திருந்தது. அவரை யாரும் திரும்பிப் பார்க்கவில்லை. 200 சுண்டல்களில் திட்ட விலக்கம், அதாவது தற்செயலாகவே வரும் வழக்கமான ஏற்ற இறக்கம், ஏழு. நாற்பது பேர் சுண்டினால் ஒருவர் 115ஐ ஒட்டி வருவது இயல்பு. மறுநாள் முதல் மாணவரையே மீண்டும் சுண்டச் சொன்னேன். 97 வந்தது.

குறளுக்கு வருகிறேன். "எண்ணிய எண்ணியாங்கு எய்துப எண்ணியார் / திண்ணியர் ஆகப் பெறின்" என்பதில் இரண்டாம் அடியை நீங்கள் எழுதாமல் விட்டிருக்கிறீர்கள். அது நிற்கும் அதிகாரம் வினைத்திட்பம், செயலில் உறுதி. இரண்டு குறள்களுக்கு முன்பே அதே அதிகாரம், "சொல்லுதல் யார்க்கும் எளிய அரியவாம் / சொல்லிய வண்ணம் செயல்" என்கிறது. எண்ணம் தானே பொருளை வளைக்கும் என்ற கருத்தை வள்ளுவர் மேல் ஏற்ற அந்த அதிகாரத்தில் இடமில்லை. எண்ணம் வேலை செய்யும் வழி செயல்தான்: மனத்திலிருந்து கைக்கு, கையிலிருந்து உலகுக்கு. 1999இல் லியன் ஃபாம், ஷெல்லி டெய்லர் இருவரும் கல்லூரி மாணவர்களிடம் செய்த ஆய்வில், நல்ல மதிப்பெண் பெற்றதாகக் கற்பனை செய்தவர்களைவிட, எப்போது எங்கே அமர்ந்து எப்படிப் படிப்போம் என்று கற்பனை செய்தவர்களே கூடுதலாகப் படித்தார்கள், கூடுதல் மதிப்பெண்ணும் பெற்றார்கள்.

இந்தக் கருத்தை நான் இவ்வளவு அக்கறையோடு மறுப்பதற்கு ஒரு காரணம் உண்டு. என் சித்தி புற்றுநோய்க்குச் சிகிச்சை பெற்ற மாதங்களில், 'நான் நலமாக இருக்கிறேன்' என்று எழுதிய தாள் ஒன்றை அலமாரிக் கண்ணாடியில் ஒட்டி, தினமும் நூறு முறை சொல்லச் சொல்லியிருந்தார் யாரோ ஒருவர். மருந்தின் கடுமையால் சித்தி பத்து நாள் வாயே திறக்க முடியாமல் கிடந்தார். பிறகு நோய் பரவியிருப்பது தெரிந்தபோது, "அந்தப் பத்து நாள் நான் விட்டுவிட்டேன் இல்லையா, அதனால்தானே?" என்று என்னிடம் கேட்டார். எண்ணமே நடப்பை உருவாக்குகிறது என்றால், நோயும் வறுமையும் விபத்தும் பாதிக்கப்பட்டவரின் எண்ணக் குற்றம் ஆகிவிடும். உங்கள் பதினான்கு பக்கங்களில் அந்த விளைவைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. நீங்கள் அதை நினைத்துப் பார்த்திருக்க மாட்டீர்கள் என்றே எண்ணுகிறேன்.

இத்தனைக்குப் பிறகும் கோட்பாட்டைச் சோதிக்க விரும்பினால், தாராளமாகச் செய்யுங்கள். அதற்கு ஆய்வகமே வேண்டாம். முதலில், ஒருமுகப்பட்ட எண்ணம் நாணயத்தின் ஐம்பது விழுக்காட்டை எவ்வளவாக மாற்றும் என்று உங்கள் கோட்பாடு ஓர் எண்ணைச் சொல்ல வேண்டும். 55 ஆக்கும் என்றால் 900 முறை சுண்டினாலே போதும். உண்மையானால் மூன்று திட்ட விலக்கம் அளவுக்குத் தெரிந்துவிடும். 51 மட்டுமே ஆக்கும் என்றால் 22,500 முறை வேண்டும்; நாற்பது நண்பர்கள் ஆளுக்கு அரைமணி நேரம் தந்தால் முடியும். அந்த அளவில் வேறொரு சிக்கலும் இருக்கிறது. ஃபிரான்டிஷெக் பார்டோஷும் அவருடைய கூட்டாளிகளும் நாணயத்தை 3,50,757 முறை கையால் சுண்டிப் பார்த்து, தொடங்கும்போது மேலே இருந்த பக்கமே 50.8 விழுக்காடு முறை மீண்டும் மேலே விழுகிறது என்று 2023இல் காட்டினார்கள். ஆகவே பாதி முறை தலையையும் பாதி முறை பூவையும் மேலே வைத்துத் தொடங்குங்கள். பாதிச் சுற்றுகளில் தலையை மனத்தில் நினையுங்கள், பாதியில் பூவை. எந்தச் சுற்றில் எது என்பதைச் சீட்டு எடுத்து முடிவு செய்யுங்கள். மனத்தில் நினைப்பவர் ஒருவராகவும், அவர் எதை நினைக்கிறார் என்று தெரியாமல் விழுந்ததைக் குறித்துக்கொள்பவர் இன்னொருவராகவும் இருக்கட்டும். எத்தனை முறை சுண்டப்போகிறீர்கள், எவ்வளவு வேறுபாடு வந்தால் கோட்பாடு நிற்கும், எவ்வளவுக்குக் குறைந்தால் அதைக் கைவிடுவீர்கள் என்பதை ஒரு தாளில் எழுதித் தேதியிட்டு, உங்களோடு உடன்படாத ஒருவரிடம் கொடுத்துவைத்த பிறகே முதல் நாணயத்தைச் சுண்டுங்கள்.